திரையிட்ட உண்மை

பொய்ச்சான்று கூறலாகாது என்பது இறைவன் தந்த பத்துக் கட்டளைகளுள் ஒன்று. அதனைக் கேட்கும்போதெல்லாம், பொய் சொல்லாதிருந்தால் போதும், கட்டளையை நிறைவேற்றிவிட்டோம் என்று நாம் பெரும்பாலும் மனநிறைவு கொள்கிறோம். ஆனால் வாழ்க்கை நம்முன் வைக்கும் வினா அத்துணை எளிதன்று. சொல்லியே ஆகவேண்டிய உண்மையை நேராகச் சொல்ல இயலாதபோது நாம் என்ன செய்வது? வாய்மூடி இருப்பதா? வேறொரு கதையாக மாற்றிச் சொல்வதா? மாற்றிச் சொன்னால், நாம் சொன்னது உண்மைதானா, அல்லது உண்மையின் உடையை அணிந்துகொண்ட அச்சமா? இவ்வினாவை ஏட்டளவில் ஆராய்வதைக் காட்டிலும், தம் தொழிலிலேயே அதனை நேருக்கு நேர் சந்தித்த ஒருவரின் வரலாற்றில் வைத்துக் காண்பது பயன் தரும் என்று கருதுகிறோம்.

அவர் சமயப் போதகர் அல்லர், கத்தோலிக்கரும் அல்லர். யூதக் குடும்பத்தில் பிறந்து, அமெரிக்கத் தொலைக்காட்சிக்குத் திகிலும் மர்மமும் நிறைந்த நாடகங்களை எழுதிப் புகழ்பெற்ற ராட் செர்லிங் என்பவரே அவர்.

1924-ஆம் ஆண்டு டிசம்பர் 25-ஆம் நாள் நியூயார்க் மாநிலத்தின் சிரக்யூஸ் நகரில் பிறந்த செர்லிங், பிங்காம்டன் என்னும் ஊரில் வளர்ந்தார். பள்ளிப் படிப்பு முடிந்ததும் வான்குடைப் படையில் சேர்ந்து, இரண்டாம் உலகப் போரில் பிலிப்பைன்ஸ் நாட்டின் லெய்ட்டே தீவில் போரிட்டார். பசித்திருந்த வீரர்களுக்காக விமானத்திலிருந்து போடப்பட்ட உணவுப் பெட்டியொன்று தம் நண்பர்மீது விழுந்து அவரைக் கொன்றதை அங்கே கண்ணெதிரே கண்டார். உயிரைக் காக்க வந்ததே உயிரைப் பறித்தது. எதிர்பாராத முடிவு என்பது அவருக்கு வெறும் கதை உத்தியாக மட்டும் இருந்ததில்லை என்பதை இதிலிருந்து உணரலாம்.

போர் முடிந்தபின் ஒகையோ மாநிலத்தின் அந்தியோக் கல்லூரியில் பயின்று, முதலில் வானொலிக்கும் பின்னர் தொலைக்காட்சிக்கும் எழுதலானார். 1955 ஜனவரி 12 அன்று ஒளிபரப்பான ‘பேட்டர்ன்ஸ்’ என்னும் நாடகம் அவரை நாடறியச் செய்தது. பெரிய நிறுவனமொன்றில் மூத்த அலுவலர் ஒருவர் மெல்ல மெல்ல நசுக்கப்படும் கதை அது. நாடகங்கள் நேரடியாக நடிக்கப்பட்டு ஒளிபரப்பாகிய காலம். எனவே, மக்கள் மீண்டும் காண விரும்பியதால், பிப்ரவரி 9 அன்று நடிகர்கள் மறுபடியும் கூடி அதனை முழுவதும் நடித்துக் காட்டினர். முப்பது வயதிலேயே செர்லிங் தம் துறையின் முன்னணிக்கு வந்துவிட்டார்.

ஆனால் அன்றைய தொலைக்காட்சியின் உண்மையான உரிமையாளர் யார் என்பதை அவர் விரைவில் அறிய நேர்ந்தது. ஒரு நிகழ்ச்சியின் செலவு முழுவதையும் ஒரே நிறுவனம் ஏற்பதும், அந்நிகழ்ச்சி அந்நிறுவனத்தின் பெயராலேயே அழைக்கப்படுவதும் அன்று வழக்கம். செலவை ஏற்றவர் நாடகத்தை முன்னதாகப் படித்துப் பார்ப்பார். தம் சரக்கை வாங்குவோர் எவரும் மனம் கோணாதபடி அதனைத் திருத்தச் சொல்வார். நல்லவர், தீயவர் என்னும் வேறுபாடு அங்கே எழுவதில்லை. வாங்குவோர், வாங்காதோர் என்னும் வேறுபாடே எழும்.

1955-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம். சிக்காகோ நகரைச் சேர்ந்த எம்மெட் டில் என்னும் பதினான்கு வயதுக் கறுப்பினச் சிறுவன், தன் உறவினர் வீட்டில் விடுமுறையைக் கழிக்க மிசிசிப்பி மாநிலத்திற்குச் சென்றான். கடையொன்றில் வெள்ளையினப் பெண் ஒருவரிடம் முறைதவறி நடந்தான் என்று குற்றஞ்சாட்டி, இருவர் இரவில் அவனைத் தூக்கிச் சென்று, அடித்துச் சிதைத்துக் கொன்று ஆற்றில் எறிந்தனர். செப்டம்பர் மாதத்தில் நடந்த வழக்கில், வெள்ளையர் மட்டுமே அடங்கிய நடுவர் குழு ஏறத்தாழ ஒரு மணி நேரத்தில் அவ்விருவரையும் குற்றமற்றவர்கள் என்று விடுவித்தது. மறு ஆண்டு ஜனவரியில், தாங்களே கொன்றதாக அவர்கள் ஓர் இதழிடம் ஒப்புக்கொண்டனர்.

இக்கொடுமை செர்லிங்கின் உள்ளத்தைத் தைத்தது. அதைப்பற்றி எழுத வேண்டும் என்று எண்ணினார். ஆனால் கறுப்பினச் சிறுவன் கொல்லப்படும் கதையை விளம்பரதாரர் ஏற்கமாட்டார் என்பதையும் அறிந்திருந்தார். ஆகவே தாமே முதல் திரையை இட்டார். கொல்லப்படுபவர் தென்மாநிலம் ஒன்றில் அடகுக் கடை வைத்திருக்கும் யூத முதியவர் என்று கதையை அமைத்தார். ‘நூன் ஆன் டூம்ஸ்டே’ என்பது அந்நாடகத்தின் பெயர். அது எம்மெட் டில்லின் கதையே என்று செய்தித்தாள்கள் எழுதியதும் எதிர்ப்பு எழுந்தது. நிறவெறி அமைப்புகள் மிரட்டின. அதன்பின் திருத்தங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. கதை நடக்கும் இடம் தெற்கிலிருந்து வடகிழக்கே உள்ள நியூ இங்கிலாந்துக்கு மாற்றப்பட்டது. யூத முதியவர் மறைந்து, பெயரற்ற அயல்நாட்டார் ஒருவர் அவரிடத்தில் வந்தார். கோக்க கோலா குப்பிகூடத் தென்மாநிலங்களை நினைவூட்டும் என்று மேடையிலிருந்து அகற்றப்பட்டது. 1956 ஏப்ரல் 25 அன்று நாடகம் ஒளிபரப்பானபோது, ஏதோ ஓர் ஊரில், யாரோ ஒருவர், எதற்காகவோ கொல்லப்பட்டிருந்தார். பார்த்தவருள் எவருக்கும் அது தம் ஊராகத் தோன்றியிராது.

இரண்டாண்டுகள் கழித்து அதே கருவை அவர் மீண்டும் எழுதினார். 1958-இல் ஒளிபரப்பான அந்த நாடகத்திலும் கதை 1870-களுக்குத் தள்ளப்பட்டது. கொல்லப்படுபவர் மெக்சிகோ இளைஞர் ஆனார். அக்காலத்தின் போக்கு எத்தகையது என்பதற்கு இன்னொரு சான்றும் உண்டு. 1959 ஏப்ரல் மாதத்தில், ஆபி மான் என்பவர் எழுதிய ‘நியூரம்பெர்க் தீர்ப்பு’ நாடகம் ஒளிபரப்பானபோது, செலவை ஏற்றவர்களுள் எரிவாயு நிறுவனங்களின் சங்கமும் இருந்தது. யூதர்கள் கொல்லப்பட்ட நச்சுவாயு அறைகளைப் பற்றி நடிகர் பேசுகையில் ‘வாயு’ என்னும் சொல் வரும்போது ஒலி நிறுத்தப்பட்டது. இலட்சக்கணக்கானோரின் சாவைவிட ஒரு சரக்கின் பெயர் பெரிதாயிற்று.

இந்நிலையில்தான் செர்லிங் வேறொரு வழியைத் தேர்ந்தார். 1959 அக்டோபர் 2 அன்று ‘ட்விலைட் சோன்’ என்னும் தொடர் தொடங்கியது. அந்தி மயங்கும் பொழுதின் வெளி என்று அப்பெயருக்குப் பொருள் கொள்ளலாம். வேற்றுக்கோள் மனிதரும், பேசும் பொம்மைகளும், காலத்தைக் கடந்து செல்வோரும் உலவும் தொடர் அது. அது தொடங்குமுன் அளித்த தொலைக்காட்சிப் பேட்டி ஒன்றில், விளம்பரதாரருடன் போராடிச் சலித்துவிட்டதையும், இத்தொடரில் அன்றாடச் சமூகச் சிக்கல்களை எழுதப்போவதில்லை என்பதையும் அவர் கூறினார். தோற்றுப்போனவரின் சொற்களாகவே அவை பலருக்குப் பட்டிருக்கும். 1964 வரை ஒளிபரப்பான 156 நாடகங்களுள் 92-ஐ அவரே எழுதினார். அவற்றைக் காணும்போதுதான் அவர் போரை நிறுத்தவில்லை, போர்க்களத்தை மாற்றினார் என்பது விளங்குகிறது.

ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்வோம். 1960 மார்ச் 4 அன்று ஒளிபரப்பான அந்த நாடகம், மேப்பிள் என்னும் தெருவில் நடக்கிறது. வானில் ஏதோ ஒளி வீசிச் செல்கிறது, தெருவில் மின்சாரம் நின்றுவிடுகிறது, வண்டிகள் இயங்கவில்லை. வேற்றுக்கோளிலிருந்து வருவோர் தங்களுக்கு முன்னோடியாக மனிதரைப்போன்ற ஒரு குடும்பத்தை அனுப்பிவைப்பார்கள் என்று சிறுவன் ஒருவன் தான் படித்த கதையைச் சொல்கிறான். அவ்வளவுதான். அந்தக் குடும்பம் எது என்ற தேடல் தொடங்குகிறது. ஒருவரது வண்டி தானே இயங்கியதால் அவர்மீது ஐயம். அவரே இரவில் வெளியே நின்று வானத்தைப் பார்த்ததுண்டு என்று சொல்லப்பட்டதும் அந்த ஐயம் வலுக்கிறது. அடுத்த தெருவில் என்ன நிலை என்று பார்த்துவரச் சென்றவர் இருளில் திரும்பி வரும்போது, அண்டை வீட்டாரே அவரைச் சுட்டுக் கொல்கின்றனர். இறுதியில் தெரு முழுவதும் கலவரம். தொலைவில் குன்றின்மேல் நின்று இதனைக் காணும் வேற்றுக்கோளார், நாம் செய்ய வேண்டியது ஒன்றுமில்லை, விளக்கை அணைத்தால் போதும், தங்களுக்குள் இருக்கும் பகைவனைத் தாங்களே கண்டுபிடித்துக்கொள்வார்கள் என்ற கருத்தில் பேசிக்கொள்கின்றனர்.

இந்த நாடகத்தில் மிசிசிப்பி இல்லை. கறுப்பர் வெள்ளையர் என்னும் பேச்சும் இல்லை. விளம்பரதாரர் வெட்டுவதற்கு எதையும் காணவில்லை. ஆயினும் 1956-இல் சிதைக்கப்பட்ட நாடகத்தில் இல்லாத ஒன்று இதில் இருந்தது. பார்ப்பவர் தம் தெருவைக் கண்டார். தம் சன்னலைக் கண்டார். திரைச்சீலையை விலக்கி அண்டை வீட்டாரை நோட்டமிடும் தம் கண்களையே கண்டார்.

இவ்விடத்தில் நம் வினா கூர்மை பெறுகிறது. 1956-லும் உண்மை திரையிடப்பட்டது, 1960-லும் திரையிடப்பட்டது. ஒன்று உண்மையைக் கொன்றது. மற்றொன்று உண்மையை வாழவைத்தது. இரண்டிற்கும் உள்ள வேறுபாடு யாது?

இறைவாக்கினர் நாத்தானை நினைத்துப் பார்ப்போம். தாவீது அரசர் உரியாவின் மனைவியைக் கவர்ந்து, உரியாவைப் போர்முனையில் சாகவிட்டார். நாத்தான் அரசரிடம் நேராகக் குற்றஞ்சாட்டவில்லை. ஏழையொருவன் மகளைப்போல் வளர்த்த ஒரே ஆட்டுக்குட்டியைச் செல்வன் ஒருவன் பறித்துக்கொண்ட கதையைச் சொன்னார். தாவீது சினங்கொண்டு தீர்ப்பளித்தார். அப்பொழுது நாத்தான் திரையை விலக்கினார்: அந்தச் செல்வன் அரசரே என்றார். கதை அரசரின் காவலைத் தளர்த்தியது. ஆனால் கதையோடு நாத்தான் நின்றுவிடவில்லை. இறுதியில் விலக்கப்படாத திரையாக இருந்திருந்தால், தாவீது நல்லதொரு கதையைக் கேட்ட மகிழ்ச்சியோடு உறங்கச் சென்றிருப்பார்.

நம் ஆண்டவரும் உவமைகளால் பேசினார். தன் அயலார் யார் என்று கேட்ட திருச்சட்ட அறிஞருக்கு, வழியில் அடிபட்டுக் கிடந்தவனின் கதையைச் சொன்னார். அதில் ஒன்றை நாம் ஊன்றிக் கவனித்தல் வேண்டும். உதவ வந்தவர் ‘வழிப்போக்கர் ஒருவர்’ என்று அவர் சொல்லியிருக்கலாம். கதையின் நீதி கெட்டிருக்காது. எவரும் மனம் கோணியிருக்கமாட்டார். ஆனால் அவர் ‘சமாரியர்’ என்றார். கேட்டவர் எந்தப் பெயரைக் கேட்கக் கூசுவாரோ, அந்தப் பெயரையே கதையின் நடுவில் வைத்தார். அயலாராக நடந்துகொண்டவர் யார் என்று இயேசு கேட்டபோது, அறிஞர் ‘சமாரியர்’ என்று விடையளிக்கவில்லை. இரக்கம் காட்டியவர் என்று சுற்றிவளைத்தார். உவமை ஆண்டவருடைய திரை. சுற்றிவளைத்தல் அறிஞருடைய திரை. ஆண்டவருடைய திரை புண்ணைத் தொட்டது. அறிஞருடைய திரை புண்ணை மூடியது.

இதுவே நாம் தேடும் அளவுகோல் என்று கருதுகிறோம். கேட்பவரின் மனச்சான்றுக்குள் உண்மை நுழைவதற்காக இடப்படும் திரை நேர்மையானது. கேட்பவர் தம்மை அடையாளம் கண்டுவிடாதிருக்க இடப்படும் திரை, ஒரு பொய்யும் சொல்லாமலேயே பொய்ச்சான்றாகிறது. ‘பெயரற்ற அயல்நாட்டார்’ என்பது இரண்டாம் வகை. மேப்பிள் தெரு முதல் வகை. மேலும், நாத்தானைப் போலவே, ஒவ்வொரு நாடகத்தின் இறுதியிலும் செர்லிங்கின் குரல் ஒலித்தது. ஐயமும் தப்பெண்ணமும் குண்டுகள் இல்லாமலே கொல்லும் என்றும், இவை அந்தக் கற்பனை வெளியோடு முடிந்துபோவன அல்ல என்றும் அந்த நாடகத்தின் முடிவில் அவர் உரைத்தார். திரையை விலக்கும் சொல் அது.

கதைக்கு இன்னொரு தகுதியும் உண்டு. 1961-இல் அணுகுண்டுப் போர் மூளும் என்று அஞ்சிய அமெரிக்கர் பலர் வீட்டின் அடியில் பாதுகாப்பு அறைகளைக் கட்டினர். அறை இல்லாத அண்டை வீட்டார் உள்ளே நுழைய முயன்றால் அவர்களை வன்முறையால் தடுக்கலாமா? அமெரிக்க இயேசு சபையாரின் ‘அமெரிக்கா’ இதழில், 1961 செப்டம்பர் 30 நாளிட்ட ஏட்டில், அருட்தந்தை மக்யூ, தற்காப்பு உரிமை என்னும் மரபுவழிப் போதனையின் அடிப்படையில், தடுக்கலாம் என்று எழுதினார். அதற்கு முந்தைய நாள் செர்லிங்கின் ‘பாதுகாப்பு அறை’ நாடகம் ஒளிபரப்பானது. மருத்துவர் ஒருவரின் பிறந்தநாளைக் கொண்டாடிய நண்பர்களே, எச்சரிக்கை ஒலித்ததும் அவருடைய அறைக்கதவை உடைக்கின்றனர். தங்களுள் ஒருவரை வந்தேறி என்று இழிக்கின்றனர். எச்சரிக்கை தவறானது என்று அடுத்த நொடி தெரிகிறது. குண்டு விழவில்லை, ஆனால் ஒருவர் முகத்தில் ஒருவர் விழிக்க இயலவில்லை. உரிமையின் எல்லையைக் கட்டுரை வரையறுத்தது. கதவு உடைந்த மறுநாள் எப்படி விடியும் என்பதைக் கதை காட்டியது. அறநெறிச் சிந்தனைக்கு இரண்டும் தேவை.

ஆயினும் கதையைப் புகழ்ந்துவிட்டு நாம் அமைதி கொள்ள முடியாது. எம்மெட் டில்லின் தாய் மேமி, மகனின் உடல் சிக்காகோவுக்கு வந்தபோது, பெட்டியை மூட வேண்டாம் என்றார். சிதைந்த அந்த முகத்தை ஆயிரமாயிரம் மக்கள் வரிசையில் வந்து கண்டனர். படங்கள் இதழ்களில் வெளிவந்தன. திரை எதுவும் இல்லை. உவமை எதுவும் இல்லை. தன் மகனின் பெயரும் முகமும் மறைக்கப்படக்கூடாது என்று ஒரு தாய் எடுத்த அந்த முடிவு, பின்னர் எழுந்த மனித உரிமை இயக்கத்திற்கு உரமாயிற்று. அந்தத் தாய்க்கு இழக்க எத்தனையோ இருந்தன. செர்லிங்கிற்கோ ஊதியமும் வாய்ப்பும் மட்டுமே இருந்தன என்று எவரேனும் கூறினால், அதனை முற்றிலும் மறுக்க இயலாது. பிற்காலத்தில் அவருடைய குரலே விளம்பரங்களில் ஒலித்தது என்பதும் உண்மை. உவமை என்பது, பெயரைச் சொல்லும் கடமையிலிருந்து நமக்குக் கிடைக்கும் நிலையான விடுதலை அன்று.

இதனைச் செர்லிங்கும் உணர்ந்திருந்தார் எனலாம். 1961 நவம்பர் 10 அன்று ஒளிபரப்பான நாடகத்தில், நாத்சிப் படையின் முன்னாள் தலைவன் ஒருவன் தான் கொடுமை செய்த முகாமைக் காண வருகிறான்; தன்னால் கொல்லப்பட்டவர்கள் அங்கே அவனுக்குத் தீர்ப்பிடுகின்றனர். அந்த முகாமிற்குச் செர்லிங் கற்பனைப் பெயர் சூட்டவில்லை. டாக்காவ் என்றே சொன்னார். அத்தகைய இடங்கள் இடிக்கப்படாமல் நிற்க வேண்டும், மறதியே அடுத்த கொடுமைக்கு வித்து என்பது அவர் இறுதியில் உரைத்த கருத்து.

டாக்காவ் என்னும் பெயர் நமக்கும் அந்நியமானதன்று. 2,700-க்கும் மேற்பட்ட குருக்களும் சமயப் பணியாளரும் அங்கே அடைக்கப்பட்டனர்; அவர்களுள் மிகப் பெரும்பாலோர் கத்தோலிக்கர். 1942 ஜூலை 26 அன்று அங்கே கொல்லப்பட்டவர் ஆலந்து நாட்டுக் கார்மேல் சபைத் துறவி தீத்துஸ் பிரான்ட்ஸ்மா. அவர் செய்த குற்றம், நம் பொருளுக்கு மிக நெருங்கியது. நாத்சிக் கட்சியின் விளம்பரங்களைக் கத்தோலிக்கச் செய்தித்தாள்கள் வெளியிடலாகாது என்னும் ஆயர்களின் முடிவை, அவர் ஓர் ஆசிரியரிடமிருந்து மற்றோர் ஆசிரியரிடம் நேரில் சென்று அறிவித்தார். அதனாலேயே கைதானார். விளம்பரத்தின் பணமும் அதிகாரத்தின் அச்சுறுத்தலும் ஒன்றாகக் கூடிய அந்த நேரத்தில் உவமைக்கு இடமில்லை. இல்லை என்னும் ஒரு சொல்லே வேண்டியிருந்தது. 2022 மே 15 அன்று திருத்தந்தை பிரான்சிஸ் அவரைப் புனிதராக அறிவித்தார். அதே திருப்பலியில், நம் குமரி மண்ணில் மறைசாட்சியாக உயிர்நீத்த தேவசகாயமும் புனிதராக உயர்த்தப்பட்டார் என்பதை நாம் நன்றியோடு நினைவுகூர்கிறோம். தம் நம்பிக்கையைத் திரையிட்டு வாழ்ந்திருந்தால் அவரும் உயிர் பிழைத்திருக்கக் கூடும்.

இரண்டாம் வத்திக்கான் சங்கம், 1963-இல் வெளியிட்ட சமூகத் தொடர்புக் கருவிகள் பற்றிய ஏட்டில், செய்தி உண்மையாகவும், நீதியும் அன்பும் இடந்தரும் அளவுக்கு முழுமையாகவும் இருத்தல் வேண்டும் என்று கற்பிக்கிறது. நீதியும் அன்புமே எல்லை. ஆதாயமோ அச்சமோ அன்று. நம் அன்றாடப் பேச்சை இந்த அளவுகோலால் அளந்து பார்ப்போம். குடும்பத்தில் நடந்த அநீதியைப் பற்றிப் பேசுகையில் ‘என்னவோ நடந்துவிட்டது’ என்கிறோம். பங்குக் கூட்டத்தில் தவறு நடந்தால் ‘சிலர்’ என்கிறோம், ‘யாரோ’ என்கிறோம். ஒருவரின் மானத்தைக் காக்கவே அவ்வாறு சொல்கிறோமா, நம் அமைதியைக் காக்கச் சொல்கிறோமா? முன்னது அன்பு. பின்னது, மேடையிலிருந்து குப்பியை அகற்றிய விளம்பரதாரரின் செயலைப் போன்றது. நாம் இட்ட திரைக்குப் பின்னால் யாருடைய முகம் மறைந்துள்ளது, வலியவனுடையதா, அடிபட்டவனுடையதா என்று கேட்டுப் பார்த்தால் விடை தெளிவாகும்.

செர்லிங் 1975 ஜூன் 28 அன்று, இதய அறுவை சிகிச்சைக்குப் பின், ஐம்பதாம் வயதில் காலமானார். எம்மெட் டில்லின் பெயரைத் தம் நாடகத்தில் ஒலிக்கச் செய்ய அவரால் இயலவில்லை. கும்பலாகக் கூடிக் கொல்வதைத் தனிக் குற்றமாக்கும் அமெரிக்க நாட்டுச் சட்டம் 2022 மார்ச் 29 அன்று கையெழுத்தானபோது, அச்சட்டத்திற்கு அந்தச் சிறுவனின் பெயரே சூட்டப்பட்டது. அதற்குச் சற்றேறக்குறைய அறுபத்தேழு ஆண்டுகள் ஆயின. அவ்வாண்டுகளில் பெட்டியை மூட மறுத்த தாயும் உழைத்தார். மேப்பிள் தெருவைக் காட்டிய எழுத்தாளரும் தம் பங்கிற்கு உழைத்தார். நாத்தானுக்குக் கதையும் தெரிந்திருந்தது, கதை முடிந்ததும் அரசரின் முகத்தை நோக்கிச் சொல்ல வேண்டிய சொல்லும் தெரிந்திருந்தது. நாம் பெரும்பாலும் கதையோடு நின்றுவிடுகிறோம்.